ஆராதனை முடிந்ததும் அறிவித்த வேலை

தாளாளர் பீட்டர் மேசைக்குப் பின்னால், கை வைத்த நாற்காலியில். தலைமையாசிரியர் கிளெமென்ட் அவருக்கு வலப்பக்கம், மின்விசிறிக்கு நேர் கீழே. நாலாம் வகுப்பு ஆசிரியை வனஜா சன்னலோர பெஞ்சில், கைப்பையை மடியில் இறுக்கிக்கொண்டு. ஹெலன் மேசையின் குறுகிய பக்கத்தில், எழுதுகிறவர் உட்காரும் இடத்தில். லிங்கராஜபுரத்துத் தமிழ்ப் பள்ளிக்கு அன்று சனிக்கிழமை அரைநாள், பிள்ளைகள் போய்விட்டிருந்தார்கள்.

அந்த இடம் ஹெலனுக்குப் பழகியது. பள்ளியில் பாடம் தமிழில் நடக்கும், அரசுக்குக் கடிதம் கன்னடத்தில் போகும். பீட்டரும் கிளெமென்ட்டும் கன்னடத்தில் பேரம் பேசுவார்கள், சண்டை போடுவார்கள். எழுதச் சொன்னால் கை நகராது. ஆசிரியையாகச் சேர்ந்த நாளிலிருந்து எல்லாக் கடிதமும் ஹெலன்தான். தன் நியமனத்துக்கு ஒப்புதல் கேட்டு எழுதியதும் அவளே.

அது வந்தால்தான் அரசுச் சம்பளம். அந்த ஒப்புதல் வரவேயில்லை. அரசு உதவி பெறும் பள்ளியில் இடம் காலியானால் செய்தித்தாளில் விளம்பரம் கொடுக்க வேண்டும். கிளெமென்ட்டோ அதை ஞாயிறு ஆராதனை முடிந்ததும், கல்யாண ஓலைக்கும் நோயாளிகளுக்கான ஜெபக் குறிப்புக்கும் நடுவில் வாசித்துவிட்டார். சபையில் சொன்னால் ஊருக்கே சொன்ன மாதிரி என்பது அவர் கணக்கு. சபைக்கு வெளியே இருப்பவர்களுக்கு எப்படித் தெரியும் என்று கல்வித்துறை கேட்டது. வழக்கு உயர் நீதிமன்றம் போயிற்று. மறுபடி பரிசீலியுங்கள் என்றது நீதிமன்றம். துறை மறுபடி பரிசீலித்து மறுபடி மறுத்தது. இனி மேல்முறையீடுதான். நிர்வாகம் உடன் நிற்காவிட்டால் அதுவும் தேறாது என்று வக்கீல் சொல்லியிருந்தார்.

பீட்டர் சுற்றி வளைக்கவில்லை. வழக்கு இருக்கும்வரை பள்ளியின் எந்தக் கோப்பும் நகராதாம். முறையாக விளம்பரம் கொடுத்து எடுத்த வனஜாவின் ஒப்புதலும் அதில் சிக்கிக் கிடக்கிறது. ஆகவே துறையின் உத்தரவை நிர்வாகம் ஏற்கிறது, மேல்முறையீடு இல்லை என்று இன்றே எழுதிவிட வேண்டும்.

"ரெண்டு பேரும் மூழ்குறதுக்கு ஒருத்தராவது கரையேறட்டும்மா."

"ஏறுறதுக்கு என் தலை மேலதான் கால் வைக்கணுமா சார்?"

கிளெமென்ட் தொண்டையைச் செருமினார். "அந்த இடத்துக்குத் திரும்ப விளம்பரம் குடுப்போம் டீச்சர். நீங்களும் அப்ளை பண்ணுங்க."

"எனக்கு வயசு தாண்டிடுச்சு. இந்தத் தடவை பேப்பர்ல போடுவீங்களா, ஜெபக் குறிப்புலயா?"

அவர் மின்விசிறியைப் பார்த்தார்.

ஹெலன் ஒரே ஒரு வரி கேட்டாள். இத்தனை ஆண்டு அவள் இங்கே பாடம் நடத்தினாள் என்று கடிதத்தில் இருக்கட்டும். வேறு பள்ளியில் அனுபவமாகக் காட்டலாம். பீட்டர் மறுத்துவிட்டார். ஒப்புதல் இல்லாத ஆளை வகுப்பில் எப்படி விட்டீர்கள் என்று அந்த வரிக்கே நோட்டீஸ் வருமாம்.

"அப்போ நான் எழுதல." பேனாவை மூடி வைத்தாள்.

உள்ளுக்குள் அவளுக்கு ஒரு தெம்பு இருந்தது. இந்த விஷயத்தை வெளியாளிடம் கொண்டுபோய் எழுதி வாங்க இவர்களுக்கு வெட்கம். இன்னும் கொஞ்சம் பொறுத்தால் அந்த ஒரு வரிக்கு இறங்கி வருவார்கள். பீட்டர் நெற்றியைத் தேய்க்கவும் ஆரம்பித்திருந்தார்.

வனஜா எழுந்தாள். "நான் எழுதறேன் சார்."

தங்கவயலில் கன்னடம் இரண்டாம் பாடமாகப் படித்தவள் அவள். அது ஹெலனுக்குத் தெரியும். எழுந்து வருவாள் என்பதுதான் தெரியாமல் போயிற்று.

"தப்பா நினைக்காதீங்க அக்கா," என்றாள் வனஜா, அவள் முகத்தைப் பார்க்காமல். "சம்பளம் இல்லாத வேலைக்கு எதுக்குப் போறேன்னு வீட்ல தினமும் கேக்கறாங்க."

ஹெலன் எழுந்து இடம் விட்டாள். பெருந்தன்மை ஒன்றுமில்லை, உட்கார்ந்திருந்தாலும் இனி யாரும் அவளைக் கேட்கப்போவதில்லை. சன்னலோர பெஞ்சில் போய் உட்கார்ந்தாள். பலகையில் வனஜாவின் உடல்சூடு இன்னும் இருந்தது.

வனஜா நிதானமாக எழுதினாள். பாதியில் நிறுத்தினாள்.

"அக்கா, உங்க முழுப் பேரு சொல்லுங்க."

ஹெலன் சொன்னாள். முன்னெழுத்து எது என்றும் கேட்டபோது அதையும் சொன்னாள்.

பீட்டர் படிக்காமலே கையெழுத்துப் போட்டார். கிளெமென்ட் பள்ளி முத்திரையை ஊதி ஊதிக் குத்தினார். வனஜா உறையின் வாயில் பசை தடவி, நகத்தால் ஓரம்வரை அழுத்தி ஒட்டினாள். தபால் ஆபீஸ் மூடிவிடும் என்று கிளெமென்ட் அவசரப்படுத்தவே, கைப்பையில் உறையை வைத்துக்கொண்டு அவருடைய ஸ்கூட்டரின் பின்னால் ஏறி உட்கார்ந்தாள். வண்டி கேட்டைத் தாண்டிப் பேருந்துகளுக்கு நடுவே போயிற்று.