முப்பத்தேழு பாடகிகளுக்கு ஒரே முகம்

இசைத்தட்டு அட்டைக்குப் படம் வரைந்தே நாற்பது வருடம் பிழைத்தவன் நான். பாடகியை நேரில் பார்த்து வரைகிற வழக்கம் எங்கள் தொழிலில் கிடையாது. கம்பெனிக்காரர், "முகம் லட்சணமா இருக்கட்டும்" என்பார், அவ்வளவுதான். எனக்குத் தெரிந்த லட்சணமான முகம் என் மனைவியுடையது. முப்பத்தேழு பாடகிகளுக்கும் அவள் முகத்தையே வரைந்தேன். மச்சத்தை மட்டும் இடம் மாற்றிவிடுவேன்.

ஒருநாள் கச்சேரிக்கு அவளை அழைத்துப் போனேன். வாசலில் அட்டையும் கையுமாக நின்ற காவலாளி அவளைப் பார்த்ததும் கும்பிட்டு, நேரே மேடைக்கு அனுப்பிவிட்டான். தாலாட்டுகூடப் பாட வராதவள், மைக் முன்னால் போய் ஜம்மென்று உட்கார்ந்தாள். பின்னால் வந்த ஒரு அம்மாவை அவன் மறித்தான்.

"பாடப்போறதே நான்தாங்க."

"அவங்க அப்பவே உள்ள போயாச்சும்மா. இந்தா பாரு படம். எங்கிட்டயேவா?"

நான் வாயைத் திறந்திருந்தால் தீர்ந்திருக்கும். திறந்தால் என் குட்டு உடைந்து வேலை போய்விடும். செருப்பைச் சரிசெய்வதுபோலக் குனிந்துகொண்டேன்.

அந்த அம்மா வாசலிலேயே நின்று பாடினார். இரண்டாவது அடியில் காவலாளி அழுதான். மூன்றாவதில் கதவு தானாகத் திறந்துகொண்டது என்றால் நீங்கள் நம்பமாட்டீர்கள்.

உள்ளே போகிறவர் என்னருகில் நின்றார்.

"செருப்பு அறுந்துபோச்சாண்ணே? பரவாயில்ல, வெறுங்காலோட வாங்க. முன்வரிசையில உட்கார வைக்கிறேன்."

"இல்லம்மா, நீங்க போங்க" என்றேன், தரையைப் பார்த்தபடி. அவர் முகம் எப்படி இருக்கும் என்று இன்றுவரை எனக்குத் தெரியாது.