அடைப்புக்குள் ஒரு மூச்சு

1

"இல்லாத சத்தத்தை நான் எதுக்குடி எழுதப் போறேன்?"

"அவங்க அப்படித்தானே சொல்றாங்க."

"அவங்க சொல்லட்டும். நீ என்ன சொல்ற?"

"எனக்கு எப்படிக்கா தெரியும்? நீ எழுதுறதுதான் எனக்குச் சத்தம்."

இந்தக் கதை பிறந்தது இந்த நான்கு வரிகளில். பேசியது அக்காவும் நானும். ஆறு வயதில் வந்த காய்ச்சலில் எனக்குக் காது போய்விட்டது. அக்காவின் உதட்டைப் பார்த்துப் புரிந்துகொள்வேன். என் குரல் எப்படி இருக்கும் என்று எனக்கே தெரியாது. தகர டப்பாவில் கல்லைப் போட்டு ஆட்டின மாதிரி இருக்கும் என்பாள் அவள்.

(முதலில் இப்படித் தொடங்கியிருந்தேன்: 'மழை பெய்துகொண்டிருந்த ஒரு பிற்பகலில், அந்த வீட்டில் தான் மட்டும் இல்லை என்பதை அவள்' — நிறுத்திவிட்டேன். அன்று மழையே இல்லை. மொழிபெயர்ப்பு நாவல்களாகப் படித்துத் தள்ளுகிறவள் நான். பேனாவைத் திறந்தாலே மழை வந்துவிடும். புத்தகப் புழு என்பதைச் சுருக்கி அக்கா எனக்கு வைத்திருக்கும் பெயர் புழு.)

2

அக்கா ஓர் ஓடிடி நிறுவனத்துக்காக வீட்டிலிருந்தே சப்டைட்டில் எழுதினாள். வசனங்களை வேறு யாரோ எழுதுவார்கள். அக்காவுக்கு அடைப்புக்குறிகள் மட்டும். [கதவு சாத்தும் ஒலி]. [தூரத்தில் நாய் குரைக்கிறது]. என்னைப் போன்றவர்களுக்காக. அந்த வேலைக்கு ஒரே விதிதான்: காதில் விழுந்ததை எழுது, காரணத்தை எழுதாதே.

முன்பெல்லாம் தியேட்டரில் எல்லாரும் சிரித்து முடித்த பிறகுதான் நான் சிரிப்பேன். ஓடிடி வந்த பிறகுதான் ஊரோடு சேர்ந்து ஒரே நொடியில் பயப்பட முடிந்தது. அந்த நன்றி எனக்கு இன்னும் உண்டு.

யாரும் சீந்தாத ஒரு தொடர். நான்காம் பகுதி, பதினேழாம் நிமிடம். ஒரு பெண் தனியாக நின்று கோப்பை கழுவுகிறாள். அவ்வளவுதான் காட்சி. கீழே அக்கா எழுதியது: [பின்னால் யாரோ மூச்சு விடும் ஒலி].

யாரோ ஒருவர் அந்த இடத்தை மட்டும் வெட்டி, 'உங்களுக்குக் கேட்கிறதா?' என்று இணையத்தில் போட்டார். மூன்றே நாளில் எல்லாரும் வால்யூமைக் கூட்டினார்கள். ஹெட்போன் மாட்டிக்கொண்டு வாயைப் பிளக்கும் முகங்கள், ஒன்றன்பின் ஒன்றாக, என் விரலடியில் ஓடின. எனக்குக் கேட்டது என்று ஆயிரக்கணக்கில் எழுதினார்கள். இடது பக்கமிருந்து வருகிறது என்று எழுதினார் ஒருவர். தொடர் முதலிடத்துக்குப் போய்விட்டது.*

* தொடர் என்று சொல்வது தவறு. அந்த ஒரு நிமிடம்தான் போனது. அந்தப் பெண் பிறகு என்ன ஆனாள் என்று அவர்களில் யாரையாவது கேட்டுப் பாருங்கள்.

3

மேற்பார்வையாளர் வீடியோ அழைப்பில் வந்தார். எனக்கு அவர் உதடு தெரியும்படி அக்கா திரையைத் திருப்பி வைத்தாள்.

"ஆடியோவ நாலு தடவ சோதிச்சாச்சு மேடம். அங்க ஒண்ணுமே இல்ல."

"அப்ப அத எடுத்துடுங்க சார்."

"எடுக்கறதா? நல்லாச் சொன்னீங்க போங்க." சிரித்தார். "அடுத்த சீசன்ல ஒரு பகுதிக்கு ரெண்டு மூச்சு வேணும். எங்க போடணும்கறது உங்க இஷ்டம்."

திரை அணைந்ததும் நான் கேட்டேன். "மொத தடவையும் உன் இஷ்டத்துக்குத்தான் போட்டியாக்கா?"

அதற்கு அவள் சொன்ன பதில்தான் இந்தக் கதையின் முதல் வரி.

நான் பயந்ததெல்லாம் பொய்யாகப் பயந்ததா? இதுதான் என் கேள்வி. ஒரே ஓர் அடைப்புக்குறி பொய் என்றால், அவள் எனக்குக் கேட்கவைத்த எல்லாக் கதவும், எல்லா நாயும் பொய்யாகிவிடும்.

"இரு, எப்படிக் கேட்டேன்னு காட்டறேன்" என்று ஹெட்போனை மாட்டினாள். வழக்கம்போல இடது பக்கத்தைக் காதுக்குப் பின்னால் தள்ளினாள். வாசல் மணி அடித்தால் எனக்குக் கேட்காது. அதனால் வலது காது வேலைக்கு, இடது காது வீட்டுக்கு. பல வருடப் பழக்கம்.

கை அந்தத் திறந்த காதிலேயே நின்றுவிட்டது.

"புழு," என்றாள். "அது படத்துல இல்லடி."

பிறகு என் தோளுக்கு மேல் எதையோ பார்த்தாள்.

4

மறுநாளிலிருந்து இரண்டு காதையும் மூடிக்கொண்டுதான் வீட்டில் நடமாடினாள். பத்தாம் நாள், நிறுவனத்தின் அலுவலகத்திலேயே உட்கார்ந்து வேலை செய்யப்போவதாகச் சொல்லி விடுதிக்குப் பெட்டி கட்டினாள். போகுமுன், மணி அடித்தால் எரிகிற விளக்கு ஒன்றை என் மேசைமேல் பொருத்தினாள்.

"பயமாக்கா?"

"எனக்கென்னடி பயம். உனக்குக் கொடுத்து வச்சிருக்கு, ஒண்ணும் கேக்காது. நிம்மதியா படி."

அடுத்த சீசன் வந்தது. பதினாறு மூச்சுகள். பதினாறையும் பார்த்தேன். ஒன்றுக்குக்கூட எனக்கு ரோமம் சிலிர்க்கவில்லை.

முடிவுக்கு மூன்று வரைவுகள் வைத்திருக்கிறேன்.

அ. அது என் மூச்சுதான். அக்காவுக்குப் பின்னால் கட்டிலில் படுத்துப் படித்துக்கொண்டிருந்தேன். (அழகான முடிவு. ஆனால் அக்கா அந்த வரியை எழுதிய பிற்பகலில் நான் நூலகத்தில் இருந்தேன். புத்தகத்தில் தேதி முத்திரை இருக்கிறது.)

ஆ. எதுவுமே இல்லை. அக்கா களைத்துப்போயிருந்தாள். (எனக்கு இதுதான் வேண்டும். அதனாலேயே நம்ப முடியவில்லை.)

இ. இதை எழுதும்போது என் பின்கழுத்தில் ஏதோ — (வேண்டாம். அக்காவின் விதிதான் எனக்கும்: காதில் விழுந்ததை மட்டும்.)

5

பிற்பகல் மூன்று மணி. விளக்கு எரியவில்லை, வாசலில் யாரும் இல்லை. இந்தக் கதையை எழுதிய நேரம் முழுவதும் ஃபோனை மேசையில் வைத்து அறையைப் பதிவு செய்திருக்கிறேன். திரையில் ஒலியின் கோடு சின்னதாக எழுகிறது, தணிகிறது. மறுபடி எழுகிறது. என் மூச்சாக இருக்கலாம் என்று மூச்சைப் பிடித்துக்கொண்டு பார்த்தேன். கோடு நிற்கவில்லை. மின்விசிறியாகவும் இருக்கலாம். அதை அணைக்க எழுந்திருக்க வேண்டும். எழுந்தால் திரும்ப வேண்டும்.

உங்களுக்குக் காது இருக்கிறது, ஆனால் நீங்கள் இந்த அறையில் இல்லை. இந்த அறையில் இருக்கும் எனக்குக் காது இல்லை. கதையை முடிக்க இரண்டும் வேண்டும்.

பதிவை அக்காவுக்கு அனுப்பினேன். பார்த்துவிட்டாள். அவள் பெயருக்குக் கீழே 'எழுதுகிறார்' என்று வந்தது, போனது. மூன்று முறை.

இன்னொன்று அனுப்பினேன்:

"ரெண்டு காதுலயும் மாட்டிட்டுக் கேளுக்கா. இருந்தா இருக்குன்னு எழுது, இல்லன்னா இல்லன்னு எழுது. நான் பயப்படுவேன்னு மாத்தி எழுதாத. நீ எழுதற வரைக்கும் நான் திரும்ப மாட்டேன். பிராக்கெட்ல போட்டு அனுப்பு."