ஆர்டிஸ் இரைக்கடை நடத்துபவர்

என் தம்பி வெர்லின் செய்தித்தாள் படிக்கிறவன் அல்ல. உறைந்த ஏரியில் துளை போட்டுப் பிடித்த மீனை அறுப்பதற்கு அதை விரிக்கிறவன். சனிக்கிழமை மத்தியானம் செதில் ஒட்டிய ஒரு தாளோடு என் சமையலறையில் வந்து நின்றான்.

"அக்கா, கடைய லவானுக்கே குடுத்துட்டியா? என்கிட்ட ஒரு வார்த்தை சொல்லல."

"உளறாத. பூட்ஸைக் கழட்டிட்டு வா."

"நான் உளறல. பேப்பர்லயே போட்டிருக்கு, பாரு."

சட்ட அறிவிப்புப் பக்கம். மீன் ரத்தத்துக்கு நடுவிலும் எழுத்து தெளிவாக இருந்தது. தொழிலின் பெயர்: ஆர்டிஸ் இரைக்கடை. இந்தப் பெயரில் தொழில் நடத்துபவர்: லவான் ஹெக். அதற்குக் கீழே வேறு யாரும் இல்லை.

ஆர்டிஸ் நான்தான். மண்புழுவும் உயிருள்ள குஞ்சு மீனும் விற்கிற அந்தக் கடையை நானும் லவானும் பதினாலு வருஷமாக நடத்துகிறோம். லவான் என் பள்ளிக்கூடத்துச் சிநேகிதி. என் பெயரை வைக்கலாம் என்று சொன்னதே அவள்தான். "உன் பேரு சின்னது, போர்டுக்குப் பெயின்ட் மிச்சம்" என்றாள்.

எங்கள் மின்னசோட்டாவில் சொந்த முழுப்பெயரை விட்டு வேறு பெயரில் கடை வைத்தால், அந்தப் பெயருக்குப் பின்னால் யார் யார் இருக்கிறார்கள் என்று மாநில அலுவலகத்தில் பதிய வேண்டும். பிறகு மாவட்டத்துச் செய்தித்தாள் ஒன்றில் இரண்டு தடவை அறிவிக்க வேண்டும். முதலில் பதிந்தபோது எங்கள் ஊர்த் தாளில் இருவர் பெயரும் வந்தது. இதுவோ மாவட்டத்தின் மறுகோடித் தாள். எங்கள் ஊரில் ஒருவரும் வாங்குவதில்லை; வெர்லின் அந்தப் பக்கத்து ஏரிக்கு மீன் பிடிக்கப் போன இடத்தில் எடுத்து வந்திருக்கிறான். லவானுக்கு அது நன்றாகவே தெரியும்.

திங்கட்கிழமை மாநில அலுவலகத்துக்குப் போன் செய்தேன். ஒரு பெண் எடுத்தாள்.

"பழைய பதிவு டிசம்பர் முப்பத்தொண்ணோட காலாவதி ஆயிடுச்சும்மா. வருஷா வருஷம் புதுப்பிக்கணும், யாரும் புதுப்பிக்கல. ஜனவரி ஒன்பதாம் தேதி புதுசா பதிஞ்சிருக்காங்க."

"அப்போ கடை அவளோடதா?"

"பேரைப் பதிஞ்சா சொத்து ஆயிடாதும்மா. பேருக்குப் பின்னாடி யார் இருக்காங்கன்னு ஊருக்குச் சொல்றது, அவ்வளவுதான். பங்கு தகராறுன்னா வக்கீலைப் பாருங்க."

வருஷா வருஷம் புதுப்பித்தது லவான். ஒரு தடவைகூட மறக்காதவள். என் பெயரை அடிக்க அவளுக்குத் துணிவு வரவில்லை. பழைய பதிவு தானாகச் சாகட்டும் என்று காத்திருந்திருக்கிறாள். பங்கை வக்கீல் வாங்கித் தந்துவிடுவார். அந்தப் பெயருக்குப் பின்னால் நான் இல்லை என்று ஊருக்குச் சொல்லிவிட்டாளே, அதைத்தான் என்னால் தாங்க முடியவில்லை. அதுவும் ஜனவரி ஒன்பது. எனக்கு இடுப்பு எலும்பில் அறுவை சிகிச்சை நடந்த நாள் அது.

கைத்தடியை ஊன்றிக்கொண்டு கடைக்குப் போனேன். லவான் தொட்டியில் வலையை விட்டுச் செத்த குஞ்சுகளை அள்ளிக்கொண்டிருந்தாள்.

"அடிப்பாவி, இந்தப் பனியில நடந்தா வந்த?"

"ஒன்பதாம் தேதி எங்க உக்காந்துடி பதிஞ்ச?"

வலை தண்ணீரிலேயே நின்றது.

"யாரு சொன்னா?"

"வெர்லினோட மீன் சொல்லுச்சு. எங்க உக்காந்து பதிஞ்ச?"

"ஆஸ்பத்திரியில. போன்லதான். உன்ன உள்ள கொண்டு போயிட்டாங்க, மூணு மணி நேரம். சும்மா உக்கார முடியல."

"மத்தவங்க ஜெபம் பண்ணுவாங்க. இல்ல, ஸ்வெட்டர் பின்னுவாங்க."

"இனிமே வாளி தூக்க முடியாதுன்னு நீதானே சொன்ன?"

"வாளியத் தூக்க முடியாதுன்னுதான் சொன்னேன். என்னைத் தூக்கிப் போடுன்னா சொன்னேன்?"

"என் மக ஊரோட வந்துடப்போறா, ஆர்டிஸ். அவளுக்கு ஒரு வழி வேணும். உன்கிட்டக் கேட்டா மாட்டேன்னுவ."

"ஆமா, மாட்டேன்னுதான் சொல்லியிருப்பேன். அதுக்குத்தான்டி கேக்கணும்."

அவள் வலையைத் தூக்கித் தண்ணீரை உதறினாள். நான் படுத்திருந்த வாரமெல்லாம் புதன்கிழமை தவறாமல் இறைச்சியும் உருளைக்கிழங்கும் போட்டு ஹாட்டிஷ் செய்து, சூடு ஆறாமல் துண்டில் சுற்றிக் கொண்டுவந்தவள் இவள். உண்ட வீட்டுக்கு ரெண்டகம் செய்கிறவர்களைக் கேள்விப்பட்டிருக்கிறேன். இவள் ஊட்டிக்கொண்டே செய்தாள். எனக்கு அழுகை வந்தது, அதற்குமேல் ஆத்திரம் வந்தது.

அப்போது கதவு திறந்தது. நகரத்து ஆள், விலைச்சீட்டை இப்போதுதான் கிழித்தது போன்ற புதுக் கோட்டு.

"இங்க ஆர்டிஸ் யாருங்க? ஏரியில எந்தப் பக்கம் மீன் கடிக்குதுன்னு அவங்களத்தான் கேக்கணும்னாங்க."

"நான்தான், சொல்லுங்க" என்றாள் லவான், கையைத் துடைத்தபடி.

யோசித்துச் சொல்லவில்லை. சொல்லிச் சொல்லிப் பழகிய வாய். சொன்ன பிறகுதான் என்னைப் பார்த்தாள், முகம் வெளுத்துவிட்டது.

அந்த ஆள் என்னைப் பார்த்துச் சிரித்தான். "இவங்க?"

லவான் தொட்டியின் பக்கம் திரும்பிக்கொண்டாள்.

"குஞ்சு மீன் வாங்க வந்தேன்" என்றேன்.

அவள் ஒரு பை நிறைய அள்ளிக் கட்டி நீட்டினாள். காசு வேண்டாம் என்று தலையசைத்தாள். நான் காசை மேஜைமேல் வைத்துவிட்டுப் பையோடு வெளியே வந்தேன்.