லோமெச்காவின் நூற்றுப் பதினெட்டாம் பக்கம்

வோய்தா கடைசியாகச் செய்த வேலை, கூரையின் வடக்கு விளிம்பில் ஓடும் தண்ணீர்த் தகரத்தில் அடைத்திருந்த இலைகளை வழித்துப் போட்டது. 1968 ஆகஸ்ட் இருபத்தொன்பது, காலை. ஏணியைக் கீழே நின்று பிடித்துக்கொண்டிருந்தாள் அவன் தாய் ஹெட்விகா.

"வடகடலுக்கு வழி விட்டாச்சும்மா," என்று மேலிருந்து கத்தினான். "கருங்கடல் சாயங்காலம் வரைக்கும் காத்திருக்கட்டும்."

"கருங்கடல் பக்கம்தான் ரொம்ப அடைச்சிருக்கு. சோம்பேறி."

"மத்தியானத்துக்குப் பிளம் கொழுக்கட்டை எத்தனை?"

"பன்னெண்டு."

"பன்னெண்டுக்கு ஒரு கடல்தான் கட்டுப்படியாகும்."

லோமெச்காவில் இந்தப் பேச்சு யாருக்கும் புதிதல்ல. ஊர் நீர் பிரியும் மேட்டின் மேல் உட்கார்ந்திருக்கிறது. ஹெட்விகாவின் பதினேழாம் எண் வீட்டுக் கூரையில் வடக்கே சரியும் மழை சாசவா ஆற்றோடு போய்க் கடைசியில் வடகடலைச் சேரும். தெற்கே சரிவது யிக்லாவா ஆற்றில் இறங்கிக் கருங்கடலுக்குப் போகும். மொத்தம் முப்பத்தொரு வீடு. கட்டிய வரிசையில் எண் கொடுத்திருப்பதால் ஒன்றாம் எண்ணுக்குப் பக்கத்தில் இருபத்துநான்கு நிற்கும். வெளியூர்க்காரன் திண்டாடிப் போவான். இருபது வருடமாக அந்த வீடுகளுக்குத் தபால் கொடுப்பவள் ஹெட்விகா. ஊர்ப் பதிவேட்டை எழுதுகிறவளும் அவள்தான். எந்த வருடம் எந்தக் கிணறு வற்றியது, ஆலயமணியை எந்தப் போரில் உருக்கக் கொண்டுபோனார்கள் என்பதெல்லாம் அதில் இருக்கும்.

அந்த வாரம் எழுத நிறைய இருந்தது. எட்டு நாள் முன்பு அந்நியப் படைகள் நாட்டுக்குள் நுழைந்திருந்தன. படைகளுக்கு வழி தெரியக் கூடாதென்று ஊர் ஊராக மக்கள் வழிகாட்டிப் பலகைகளைப் பிடுங்கினார்கள். லோமெச்காவைச் சுற்றியிருந்த மூன்று சந்திப்புகளிலும் பிடுங்கியவன் வோய்தா. ராணுவ லாரிகள் ஒரே குளத்தை நான்கு தடவை சுற்றின. ஓர் அதிகாரி இறங்கி, இது எந்த ஊர் என்று ஹெட்விகாவிடம் கேட்டான். தபால் பையைத் தோளில் மாட்டியபடி, "தெரியாதுங்க, நான் ஊருக்குப் புதுசு" என்றாள். ஊரே அதைச் சொல்லிச் சொல்லிச் சிரித்தது.

இருபத்தொன்பதாம் தேதி பதினொரு மணிக்கு, தகரத்துக்கு ஆணி வாங்க வோய்தா மோட்டார் சைக்கிளில் கிளம்பினான். தேவாலயத்துக்குக் கீழே உள்ள வளைவில், தன் பக்கத்தை விட்டு ஏறி வந்த ராணுவ லாரி அவனை அடித்தது. லாரி நிற்கவில்லை. மருத்துவ வண்டிக்கு உடனே தொலைபேசியில் சொன்னார்கள். அது வந்து சேர ஐம்பது நிமிடம் ஆயிற்று. பலகை இல்லாத சந்திப்புகளில் அதுவும் சுற்றியிருக்கிறது. அதற்குள் அவன் போய்விட்டான். பத்தொன்பது வயது.

நூற்றுப் பதினேழாம் பக்கத்தில் பலகைகளைப் பிடுங்கிய கதையை ஹெட்விகா எழுதினாள். தாளைத் திருப்பி நூற்றுப் பதினெட்டில் அவன் இறந்ததை எழுதினாள். லாரியையும் எழுதினாள், ஐம்பது நிமிடத்தையும் எழுதினாள். எதையும் விடவில்லை.

நுழைந்த படைகள் திரும்பிப் போகவில்லை; அவர்களுக்கு இணங்கிய ஆட்சிதான் நடந்தது. 1971 மார்ச்சில் ஓட்டா புரேஷ் வந்தான். நான்காம் எண் வீடு. பள்ளியில் அவளோடு ஒரே பெஞ்சில் உட்கார்ந்தவன். இப்போது ஊர்க் குழுத் தலைவன். தொப்பியைக் கழற்றி மேசையில் வைத்தான். பக்கத்தில் ஒரு சவர பிளேடையும் தட்டச்சு செய்த தாளையும் வைத்தான்.

"பிளேடு எதுக்கு ஓட்டா? தாடிய இங்க வந்துதான் எடுக்கணுமா?"

"விளையாடாத ஹெட்விகா. மாவட்டத்துல கேக்குறாங்க. பதிவேட்டுல அந்த ஒரு தாள வெட்டிட்டு, இத ஒட்டிடு. ஒரு பொய்கூட இல்ல, படிச்சுப் பாரு."

படித்தாள். பொறுப்பற்ற விஷமிகள் வழிகாட்டிப் பலகைகளைப் பிடுங்கியதால் மருத்துவ வண்டி தாமதமாகி இளைஞர் ஒருவர் உயிரிழந்தார் என்று இருந்தது. லாரி இல்லை. பெயரும் இல்லை.

"இவன என்ன அடிச்சுதுன்னு காணோமே. இடி விழுந்துச்சா?"

"பலகை இருந்திருந்தா பொழச்சிருப்பான். நீயே எழுதியிருக்க."

"எழுதியிருக்கேன். மூணு வருஷமா தினம் அதத்தான் நெனக்கிறேன். பலகையப் பிடுங்கினப்ப ஏணி பிடிச்சது யார் தெரியுமா? நான். அதையும் வேணும்னா சேர்த்துக்கறேன். ஆனா லாரி போகாது."

"வேலை போயிடும். தபால் பைய வாங்கிடுவாங்க."

"வாங்கட்டும். எனக்கும் முழங்கால் வலிக்குது."

ஓட்டா பெருமூச்சு விட்டான். "சரி, நீ வெட்ட வேண்டாம். நானே வெட்டறேன்."

அவள் தடுக்கவில்லை. பதிவேட்டைக் கொண்டுவந்து அவன் முன் வைத்து, முதல் பக்கத்தைத் திறந்தாள். அங்கே அரசு முத்திரைக்குக் கீழே எழுதியிருந்தது: இந்தப் புத்தகத்தில் எண்ணிடப்பட்ட இருநூற்று நாற்பது பக்கங்கள் உள்ளன.

"தாராளமா வெட்டு. ஆனா வெட்டினதும் இதத் திருத்தணும். இருநூத்து முப்பத்தெட்டுன்னு போட்டு, ரெண்டு பக்கத்த வெட்டினது ஓட்டா புரேஷ், எண் நாலு, லோமெச்கான்னு எழுதிக் கையெழுத்துப் போடு. பேனா இந்தா."

அவன் பேனாவைப் பார்த்தான். பிளேடைப் பார்த்தான். அடுப்பில் தண்ணீர் கொதித்து அடங்கியது.

"என் பேரு எதுக்கு?"

"யாரு செஞ்சதுன்னு எழுதறதுதானே என் வேலை."

"நீ ஒரு சனியன், ஹெட்விகா. ஒண்ணாங் கிளாஸ்லயே சனியன்."

பிளேடை எடுத்துக் காகிதத்தில் சுற்றிப் பையில் போட்டுக்கொண்டான். தட்டச்சுத் தாளை அவள் அடுப்பில் போட்டதை அவன் பார்க்காததுபோல் தொப்பியைத் தேடினான்.

"வந்தது வந்துட்ட. வெளிய வந்து ஏணியப் பிடி."

"எதுக்கு?"

"தெக்குப் பக்கத் தகரம் மூணு வருஷமா அடைச்சுக் கெடக்கு."

அவள் ஏறினாள். கறுத்த இலைகளைக் கைப்பிடி கைப்பிடியாக அள்ளிக் கீழே எறிந்தாள். சில ஓட்டாவின் தொப்பி மேல் விழுந்தன. வேண்டுமென்றேதான் போடுகிறாள் என்று அவனுக்குத் தெரிந்தது. ஏணியை விடவில்லை.

மே மாதம் அவள் தபால் பையை வாங்கிக்கொண்டார்கள். பதிவேட்டையும் மாவட்ட அலுவலகத்துக்கு எடுத்துப் போய் அலமாரியில் பூட்டினார்கள். அதிகாரிகள் மாறினார்கள், பிறகு ஆட்சியே மாறியது. பத்தொன்பது வருடம் கழித்துப் புத்தகம் திரும்பி வந்தபோது ஹெட்விகா மூக்குக் கண்ணாடியைப் போட்டுக்கொண்டு விரலை நனைத்து ஒவ்வொரு பக்கமாக எண்ணினாள். இருநூற்று நாற்பது. முதல் பக்கத்தில் யாரும் கை வைத்திருக்கவில்லை.

அன்று மழை பெய்தது. பதினேழாம் எண் வீட்டுத் தெற்குச் சரிவில் விழுந்த தண்ணீர் கருங்கடலுக்குப் போயிற்று.