ரோட்டுக்கு அந்தப் பக்கத்து ஓட்டு

எல்லாரும் சௌக்கியமா? உங்கள் முட்டிவலியெல்லாம் கொஞ்சம் அடங்கியிருக்கிறதா? என்னுடையது அப்படியேதான் இருக்கிறது, அதை விடுங்கள். இங்கே சாஸ்கச்சுவான் மாகாணத்தில் பனி உருகி எங்கே பார்த்தாலும் சேறு. சேறு என்றதும் போன தேர்தலில் எங்கள் நெட்டி வண்டி ஓட்டிய கதை ஞாபகம் வந்துவிட்டது. அதைச் சொல்லத்தான் உட்கார்ந்தேன்.

நெட்டி கோவலும் எல்மர் ஃப்ரீசனும் ஒரே மண்ரோட்டுக்கு இந்தப் பக்கமும் அந்தப் பக்கமும். இவள் சமையலறை விளக்கைப் போட்டால் அவருக்குத் தெரியும். நெட்டி பிறந்ததிலிருந்து ஒரு கட்சி, எல்மர் நேர் எதிர்க்கட்சி. இவள் போடுகிற ஓட்டை அவர் அழிப்பார், அவர் போடுவதை இவள் அழிப்பாள். அதற்காக இரண்டு பேரும் ஒரே வண்டியில் போவார்கள்.

"போட்டாலும் ஒண்ணுதான், போடாட்டாலும் ஒண்ணுதான். பெட்ரோலாவது மிஞ்சும், வீட்டிலயே கிடங்களேன்" என்று நெட்டியின் கணவன் மெட்ரோ கிண்டல் செய்வான்.

"அப்புறம் பட்டர் டார்ட்டை யாரு, நீ சுட்டுத் தருவியா?" என்பார் எல்மர். அந்த இனிப்புப் பலகாரத்தை ஓட்டுப்போடும் ஹாலில் ஊர்ப் பெண்கள் சுட்டு விற்பார்கள், அதற்காக.

ஒரே ஒரு விதி உண்டு. ஒருவர் போக முடியாவிட்டால் மற்றவரும் போடக்கூடாது. மெட்ரோ செத்துப்போன வாரம் ஒரு தேர்தல் வந்தது. அன்றைக்கு எல்மர் ஹால் பக்கமே போகவில்லை. நெட்டியின் சமையலறையில் உட்கார்ந்து, வந்தவர்களுக்கெல்லாம் சேர்த்து உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார்.

போன தேர்தலில் விஷயமே வேறு. எல்மருக்குக் கண் ஆபரேஷன் ஆகியிருந்தது, வண்டி ஓட்டக்கூடாது. வீட்டை விற்றுவிட்டு ரெஜைனா நகரத்தில் மகள் கேரனோடு போய் இருந்துவிடுவதாகச் சொல்லியிருந்தார். மழை வரும்போல இருக்கிறது என்று சொல்வதுபோலத்தான் அதையும் சொன்னார்.

"நல்லதுதான், கேரனுக்கும் துணையாச்சு" என்றாள் நெட்டி. அன்றிலிருந்து அவளுக்குச் சரியான தூக்கமில்லை. போகாதே என்று ஒரு வார்த்தை சொன்னால் போதும். ஆனால் அதைச் சொல்ல நாம் யார் என்று ஒரு தயக்கம். சரி, கடைசியாக ஒரு தடவை சேர்ந்து போய் ஓட்டுப் போடுவோம் என்று வண்டியை எடுத்தாள்.

வழக்கம்போல ஹால்டேன் ஊரில், பனிக்கட்டியில் கல் தள்ளி விளையாடுகிற கர்லிங் ஹாலுக்குப் போனார்கள், அதுதான் ஓட்டுச்சாவடி. உள்ளே எல்மர் நாலு பேரோடு கோதுமை விலை பேசி நின்றுவிட்டார். நெட்டி முதலில் போய்ப் போட்டுவிட்டாள். பிறகு எல்மர் மேஜைக்கு வந்தார். பட்டியலில் அவர் பெயரைக் காணோம்.

"உங்க பக்கம் புதுத் தொகுதிக்குப் போயிடுச்சு, ஐயா. ரோடுதான் எல்லை. நீங்க மெர்வினாவுல போடணும். வீட்டுக்கு அட்டை வந்திருக்குமே?" என்றாள் மேஜைக்காரப் பெண்.

வந்திருக்கும். ஆனால் தபாலில் வருகிற அரசாங்க அட்டையை எல்லாம் அடுப்புப் பற்றவைக்கப் போட்டுவிடுகிற ஆள் எல்மர். புதுத் தொகுதி வருவதாக ரேடியோவில் கேட்டு இரண்டு பேரும் சிரித்ததோடு சரி. கோடு தங்கள் நடுவில் விழும் என்று யார் கண்டார்கள்?

"விடு, நெட்டி. வீட்டுக்குப் போவோம்" என்றார் எல்மர்.

"எப்படி விடறது? நான் போட்டுட்டேனே. விதி என்ன?"

"இப்ப நீ வேற தொகுதி, நான் வேற தொகுதி. நான் போட்டாலும் உன்னுது அழியாது."

"அது எனக்குத் தெரியும். வண்டியில ஏறு."

மெர்வினா நேர் எதிர்த்திசை. சேற்றில் வண்டி இரண்டு தடவை பக்கவாட்டில் வழுக்கிற்று. "என்னை உயிரோட கொண்டுபோய்ச் சேர்த்தாத்தான் உன் கட்சிக்கு எதிரா ஓட்டு விழும். அதனாலதான் இப்படி ஓட்டறியா?" என்றார் எல்மர். நெட்டிக்குச் சிரிப்பு வந்தது. ரோட்டைப் பார்த்துக்கொண்டாள்.

அங்கே போனால் இன்னொரு சங்கடம். எல்மரின் டிரைவிங் லைசென்ஸில் தபால்பெட்டி எண்தான் இருக்கிறது. இங்கே எல்லாருக்கும் அப்படித்தான். வீடு எங்கே என்று அதைப் பார்த்துச் சொல்ல முடியாது. ஹால்டேனில் ஒவ்வொரு தடவையும் நெட்டிதான், இவர் என் எதிர்வீடு என்று சத்தியம் செய்து கையெழுத்துப் போடுவாள்.

"நான் சொல்றேன். தினம் காலையில எழுந்தா இவர் வாசலத்தான் பார்க்கறேன்" என்றாள் மெர்வினாவிலும்.

மேஜையில் இருந்தவர் தயக்கத்தோடு கேட்டார். "உங்க ஓட்டு எங்க இருக்கும்மா?"

"ஹால்டேன்."

"அப்ப நீங்க சொல்ல முடியாதும்மா. இதே சாவடியில ஓட்டு இருக்கறவங்கதான் சொல்லணும்."

நெட்டிக்கு முகம் சுருங்கிவிட்டது. பாதி ஆயுசு அந்த வாசலைப் பார்த்தவள் சொன்னால் செல்லாதாம்.

அப்போது பட்டர் டார்ட் வாங்க நின்ற வரிசையிலிருந்து ஒரு பெண் விலகி வந்தாள். மரிவிக் என்று பெயர், ஃபிலிப்பைன்ஸ்காரி. ரோட்டுக்கு எல்மர் இருக்கிற பக்கத்திலேயே, கொஞ்சம் தள்ளியிருந்த பழைய பண்ணையை வாங்கி வந்தவள். இவர்களோடு அதிகம் பேசிப் பழக்கமில்லை.

"நான் சொல்லலாமா? இவர் எங்க பக்கத்து வீட்டு மிஸ்டர் ஃப்ரீசன். பனி கொட்டினா நாங்க எழுந்திருக்கறதுக்குள்ள டிராக்டரால எங்க வழியில இருக்கற பனியத் தள்ளி விட்டுட்டுப் போயிடுவார். நன்றி சொல்லக் கதவைத் திறந்தா ஆளைக் காணோம்."

"டிராக்டர் சும்மா நின்னா கெட்டுப்போகும்" என்று முனகினார் எல்மர். நெட்டிக்கே இது தெரியாது.

மரிவிக் தன் முகவரியைக் காட்டிக் கையெழுத்துப் போட்டாள். பிறகு அந்த ஆள் தாளை எல்மர் பக்கம் திருப்பினார். "இது உங்க உறுதிமொழி ஐயா. இந்த வீட்டுலதான் குடியிருக்கீங்க, இல்லையா?"

பேனா அப்படியே நின்றுவிட்டது. நெட்டி சுவரில் ஒட்டியிருந்த அறிவிப்பைப் படிப்பதுபோல நின்றாள். ஒரு எழுத்தும் மனசில் ஏறவில்லை.

"ஆமா, அங்கதான் இருக்கேன்" என்றார் எல்மர். கையெழுத்துப் போட்டார்.

ஓட்டுப் போடத் தடுப்புக்குப் பின்னால் போனவர் வர நேரமாயிற்று. வெளியே வந்ததும் காகிதத்தில் சுற்றிய இரண்டு பட்டர் டார்ட்டை, வண்டியில் உட்கார்ந்திருந்த நெட்டியின் மடியில் வைத்துவிட்டு வண்டியில் ஏறினார்.

"என்ன, அவ்வளவு நேரம்?"

"பயமா இருந்தது. என்னுதை அழிக்க ஆளில்லையே. நான் போடறது அப்படியே நின்னுடும்னு யோசிச்சுப் பார்த்தேன்."

நெட்டி வண்டியை வீட்டுப் பக்கம் திருப்பினாள். வாத்துக் கூட்டம் ஒன்று வயலில் இறங்கிக்கொண்டிருந்தது.

"நெட்டி, சத்தியம் பண்ணிக் கையெழுத்துப் போட்டுட்டேன். அங்கதான் இருக்கேன்னு."

"கேட்டேன்."

"ராத்திரி கேரனுக்கு போன் போட்டு, வீட்டை விக்க வேண்டாம்னு சொல்லணும். கோவிச்சுக்குவா."

"நான் பேசட்டுமா?"

"நீ பேசினா இன்னும் கோவிச்சுக்குவா. நீ பக்கத்துல உட்காரு, போதும்."

நெட்டி தலையாட்டினாள். "அடுத்த தேர்தலுக்கு ரெண்டு ஹாலுக்கும் போகணும்" என்றாள் சிறிது நேரம் கழித்து. "ரெண்டு ஊர் டார்ட்டும் கிடைக்கும்."

"முதல்ல இந்தச் சேத்துலேர்ந்து வெளியே ஓட்டு."

அன்று அவள் சமையலறை விளக்கு வெகுநேரம் எரிந்தது. எதிர்வீட்டு விளக்கு எரியவில்லை, அதன் சொந்தக்காரர் இங்கே நெட்டி பக்கத்தில் உட்கார்ந்து போனில் மகளிடம் திட்டு வாங்கிக்கொண்டிருந்தார்.

உங்கள் ஊரிலும் இப்படி நடுவில் கோடு விழுந்திருக்கிறதா? கட்சி வேறாக இருந்தும் ஒரே வண்டியில் ஓட்டுப்போடப் போகிறவர்கள் யாராவது உண்டா? எழுதுங்கள், நெட்டிக்கும் படித்துச் சொல்கிறேன்.