மறைப்புத் துணி

பக்கத்து வீட்டு தார்சி இலந்தை இலை போட்ட தண்ணீரை மொண்டு, இறந்துபோன சுமிராவின் காலில் ஊற்றிக்கொண்டிருந்தாள். சுற்றிலும் பெண்கள் பத்திக் சாயத் துணிகளைத் தூக்கிப் பிடித்து மறைப்புக் கட்டியிருந்தார்கள். ஒரு முனை சுமிராவின் மூத்த மகள் வெனிங்கின் கையில்; எதிர்முனை தங்கை லாராஸின் கையில்.

தலையைக் கழுவும் முறை வந்ததும் வெனிங் சொன்னாள், "தார்சியக்கா, நீங்க மட்டும் பாருங்க. மத்தவங்க கொஞ்சம் திரும்பிக்கோங்க. அம்மா கேட்டுக்கிட்டது."

கிளாத்தன் சந்தையில் முப்பது வருஷம் சோயாவில் செய்த தெம்பே விற்றவள் சுமிரா. முக்காட்டுக்கு வெளியே அவளுடைய முடி ஒன்றைக்கூட அந்நியர் யாரும் பார்த்ததில்லை. புற்றுநோய் மருந்தில் எல்லாம் கொட்டிய பிறகு, "இந்தத் தலைய யாருக்கும் காட்டிடாதடி" என்று வெனிங்கின் கையைப் பிடித்துக்கொண்டு கேட்டாள். அதற்காக ஐந்து மாதம் வெனிங் வாசலிலேயே நின்று, பார்க்க வந்தவர்களையெல்லாம் திருப்பி அனுப்பினாள். திமிர் பிடித்தவள் என்று தெருவே பேசியது. பேசிவிட்டுப் போகட்டும் என்றிருந்தாள்.

"இனிமே மறைக்க என்னம்மா இருக்கு," என்றாள் தார்சி. "தினமும் பாத்தோமே. லாராஸ் கஞ்சி ஊட்டுவா, மொட்டத் தலையத் தடவிக் குடுப்பா. பாத்துப் பாத்து அழுதோம்."

"எங்க பாத்தீங்க?"

"போன்லதான், லாராஸ் போட்ட வீடியோவுல. ஊரே பாத்துச்சு."

லாராஸ் துணியின் கரையையே பார்த்துக்கொண்டிருந்தாள். மதியமானால், 'நீ போய்ப் படு அக்கா, நான் ஊட்டுறேன்' என்று கிண்ணத்தை வாங்கிக்கொள்வாள். தங்கைக்குப் பொறுப்பு வந்துவிட்டது என்று வெனிங் பூரித்துப் போயிருந்தாள். அந்த நேரத்தில்தான் போனை எடுத்திருக்கிறாள்.

"அம்மாவுக்குத் தெரியுமா?"

"தெரியாது," என்றாள் லாராஸ் மெதுவாக. "நாலு லட்சம் பேர் பாத்தாங்க, அக்கா. முகம் தெரியாதவங்க எல்லாம் அம்மாவுக்காக துஆ பண்ணாங்க."

"எங்கிட்ட ஒரு வார்த்த கேட்டியா?"

"கேட்டா நீ வேணாம்னு சொல்லியிருப்ப."

பெண்கள் ஒருவரையொருவர் பார்த்துக்கொள்ளவில்லை. தார்சி கடைசித் தண்ணீரில் கற்பூரத்தைக் கரைத்தாள். குளிப்பாட்டுகிறவர்கள் எப்போதும் சொல்வதை அவளும் சொன்னாள்: "இங்க பாத்தது எதுவும் வெளிய போகக் கூடாது."

லாராஸின் பக்கம் துணி தளர்ந்து இறங்கியது.

"தூக்கிப் பிடி," என்றாள் வெனிங்.

தன் முனையைத் தலைக்கு மேலே உயர்த்தினாள். தோள்பட்டை வலித்தது. கடைசிச் செம்பு ஊற்றி முடியும்வரை அவள் கையை இறக்கவில்லை.