பாதி ரேஸில் நிற்கும் கார்

வேலையிடத்தில் அவரை எல்லோரும் உச்சாணி என்றுதான் கூப்பிடுவார்கள். கட்டடம் எத்தனை மாடி எழும்பினாலும் அதற்கும் மேலே ஒரு கண்ணாடிக் கூண்டில் உட்கார்ந்து, இரண்டு பக்கமும் இரண்டு லீவர்களைப் பிடித்துக்கொண்டு, கீழே நிற்கிறவன் கை காட்டிய இடத்தில் இரும்புக் கட்டை அலுங்காமல் குலுங்காமல் இறக்குகிற கிரேன்காரர். அப்படிப்பட்ட மனுஷனின் இடது கை ஒருநாள் காலையில் பல் தேய்க்கப் போன இடத்தில் குழாயைத் திறக்க மாட்டேன் என்றுவிட்டது. மூளைக்குப் போகிற ரத்தக்குழாயில் சின்ன அடைப்பு என்றார் டாக்டர். உயிருக்கு ஒன்றும் ஆகவில்லை. பேச்சு திரும்பி வந்தது, கால் திரும்பி வந்தது. கை மட்டும் வருவேனா மாட்டேனா என்று பிகு பண்ணிக்கொண்டிருந்தது.

பிசியோதெரபி செய்கிற பெண் ஒரு ரப்பர் பந்தைக் கொடுத்து, தினமும் அமுக்கச் சொன்னாள். அதைப் பார்த்தாலே உச்சாணிக்குப் பற்றிக்கொண்டு வந்தது. பத்து டன்னைத் தூக்கிய கைக்குப் பந்தா? பந்து அலமாரிக்கு அடியில் ஓடிப்போய் அங்கேயே குடியிருந்தது. அதை யாரும் தேடவில்லை.

வழி காட்டியது மைத்துனன்தான். மனைவியின் தம்பி. நல்ல பையன், ஆனால் வாய் மட்டும் ஓயாது. எதைப் பற்றிக் கேட்டாலும் தனக்குத் தெரியும் என்பான், கேட்காவிட்டால் தானே சொல்வான். ஒரு ஞாயிற்றுக்கிழமை தன் வீட்டு கேம் பெட்டியைத் தூக்கிக்கொண்டு வந்து டிவியில் மாட்டினான். வயர் இல்லாத கன்ட்ரோலர் ஒன்றை அவர் மடியில் வைத்தான்.

“மாமா, இடது கட்டைவிரல்ல வண்டிய திருப்பணும், வலது கையில வேகம். உங்க கிரேன் லீவர் மாதிரியேதான். சின்னது, அவ்வளவுதான்.”

உச்சாணி அதைத் திருப்பித் திருப்பிப் பார்த்தார். இரண்டு பக்கமும் இரண்டு குட்டி லீவர். முகத்தில் என்ன தோன்றியதோ, பிசியோ பெண்கூட அதுவரை அப்படி ஒரு முகத்தைப் பார்த்ததில்லை. ஆனால் எடுத்துப் பிடித்ததுமே இடது பக்கம் நழுவித் தரையில் விழுந்தது. மறுபடி எடுத்தார், மறுபடி விழுந்தது. சரிதான் போ என்று வைத்துவிட்டார்.

அவர் மனைவி தையல்காரி. முன்னறையில் பாதி அவளுடைய மெஷினும் இஸ்திரி மேஜையும் வெட்டுத் துணியும்தான். கணவன் முகம் தொங்கிப்போனதை மெஷினுக்குப் பின்னாலிருந்து பார்த்தாள். அன்று சாயங்காலத்துக்குள் அந்தக் கன்ட்ரோலருக்கு ஒரு சட்டை தைத்துவிட்டாள். வெளியே வழுக்காத முரட்டு வெல்வெட். இடது கையை அதோடு சேர்த்துப் பிடிக்க அகலமான ஒரு பட்டை. அடைப்பு வந்ததிலிருந்து அந்தக் கை எப்போதும் ஜில்லென்று இருக்கும். அதற்காக உள்ளே சூடு தங்குகிற மாதிரி ஒரு லைனிங். பின்பக்கம் நாடா போட்டுக் கட்டினால் பொத்தான்களும் குட்டி லீவர்களும் மட்டும் வெளியே தெரியும்.

“கையை விடுங்க இதுக்குள்ள” என்றாள். விட்டார். கன்ட்ரோலர் விழவில்லை. கை கதகதப்பாக இருந்தது. இப்படி ஒரு பொம்பளையைக் கட்டியதற்கு நான் என்ன புண்ணியம் பண்ணினேனோ என்று உச்சாணி நினைத்துக்கொண்டார். நினைத்ததோடு சரி, வாயைத் திறந்து சொல்கிற பழக்கம் அந்த வீட்டில் இல்லை.

அதற்குப் பிறகு தினமும் ரேஸ்தான். பிசியோ பெண் சொன்னபடி, சாய்மானம் இல்லாத மர நாற்காலியை அறையின் பின்சுவரை ஒட்டிப் போட்டு, முதுகை நேராக வைத்து ஓட்டினார். கட்டைவிரல் கொஞ்சம் கொஞ்சமாகச் சொன்ன பேச்சைக் கேட்க ஆரம்பித்தது. ஆனால் ஒரு சனியன். எந்த ரேஸும் முடிவதில்லை. பாதி வழியில், நல்ல வளைவில், கார் அப்படியே நின்றுவிடும். கன்ட்ரோலர் இணைப்பில் இல்லை என்று டிவியில் ஒரு பெட்டி வந்து உட்காரும்.

“பேட்டரி” என்றாள் மனைவி, முதல் தடவை நின்றபோது. “கடைக்காரன் பழசை நம்ம தலையில கட்டிட்டான்.”

நாடாவை அவிழ்த்து, உறையைக் கழற்றி, பின்மூடியைத் திறந்து, புது பேட்டரி போட்டு அமுக்கிப் பார்த்தாள். கார் ஓடியது. உறையை மாட்டிக் கொடுத்தாள். கொஞ்ச நேரத்தில் மறுபடியும் நின்றது. மைத்துனன் போனிலேயே வைத்தியம் சொன்னான். டிவிக்குப் பின்னால் செருகியிருக்கிற குட்டி ரிசீவரை முன்பக்கம் மாற்று, பக்கத்தில் இருக்கும் வைஃபை பெட்டியைத் தள்ளி வை, ஊசியால் பின்னால் இருக்கிற ஓட்டைக்குள் குத்தி ரீசெட் பண்ணு. ஊசிக்கு அந்த வீட்டில் பஞ்சமா? எல்லாம் செய்தாயிற்று. எல்லாம் செய்தும் கார் நின்றது.

கடைசியில் அவனே நேரில் வந்தான். உறையைக் கழற்றிப் போட்டுவிட்டு, டிவிக்கு முன்னால் தரையில் சப்பணம் போட்டு உட்கார்ந்து, ஒரு ரேஸை முழுசாக ஓட்டினான். இன்னொன்று ஓட்டினான். மூன்றாவதில் முதலாவதாகவே வந்துவிட்டான்.

“நல்லாத்தானே இருக்கு மாமா” என்றான் சந்தோஷமாக. “என் வீட்ல இருந்த வரைக்கும் ஒரு தடவகூட நின்னது கெடையாது.”

சொன்ன பிறகுதான் அவனுக்கே உறைத்தது. அவன் அக்கா மெஷினில் நூல் கோப்பதுபோலக் குனிந்துகொண்டாள். உச்சாணி தன் இடது கையைப் பார்த்தார். அந்த அறையில் இருந்த மூன்று பேரும் ஒரே விஷயத்தை நினைத்தார்கள், ஒருவரும் சொல்லவில்லை. வாய் ஓயாதவன் அன்றைக்குத் தண்ணீர்கூடக் குடிக்காமல் போய்விட்டான்.

“பேட்டரிதான்” என்றாள் மனைவி, அவன் போன பிறகு. “அவன் ஓட்டும்போது புதுசா இருந்திருக்கும். இந்தக் கம்பெனி பேட்டரியே சரியில்ல. நாளைக்கு வேற கம்பெனி வாங்கறேன்.”

வாங்கினாள். நின்றது. அதையும் வாய்க்கு வந்தபடி திட்டிவிட்டு வேறொன்று வாங்கினாள். உச்சாணிக்குத் தெரிந்துவிட்டது. எங்கேயோ ஒரு நொடி கை தன்னை அறியாமல் விட்டுவிடுகிறது, இல்லையென்றால் தொடக்கூடாத எதையோ தொட்டுவிடுகிறது. டிவியில் என்றால் கார் நிற்கும். கூண்டில் என்றால் இரும்புக் கட்டு இறங்கும். கீழே ஆள் நிற்பான்.

இந்த நேரம் பார்த்துத்தான் சூப்பர்வைசர் போன் பண்ணினார். நல்ல மனிதர், சுற்றி வளைக்காமல் சொன்னார். திங்கட்கிழமை கைக்கு ஒரு பரிசோதனை இருக்கிறது, வந்து தேறினால் கூண்டு உங்களுக்கு. வரவில்லையென்றால் இப்போது ஓட்டுகிற பையனையே நிரந்தரமாகப் போட்டுவிடுவோம். சாயங்காலத்துக்குள் ஒரு வார்த்தை சொல்லுங்கள்.

மதியச் சாப்பாடு முடிந்ததும் உச்சாணி மனைவியைக் கூப்பிட்டார்.

“நான் வரலேன்னு சொல்லிடப் போறேன்.”

அவள் கையிலிருந்த துணியைக் கீழே வைத்தாள். “எதுக்கு?”

“எதுக்குன்னு உனக்குத் தெரியும்.”

“எனக்கு ஒண்ணும் தெரியாது. பேட்டரி...”

“பேட்டரிய விடு. நீ இங்க வந்து உக்காரு. ஒரு தடவ நீ ஓட்டு. நல்ல கை ஓட்டினா எப்படி ஓடும்னு நீயே உன் கண்ணால பாத்துடு. அதுக்கு மேல ஒண்ணும் பேசாத.”

வாழ்க்கையில் கேம் என்று ஒன்றைத் தொடாதவள் அவள். ஆனாலும் அவர் முகத்தைப் பார்த்துவிட்டு மறுப்புச் சொல்லாமல் மர நாற்காலியில் உட்கார்ந்தாள். தன் கையால் தைத்த உறைக்குள் தன் கையையே விட்டாள்.

“பெடல் எங்க?” என்றாள்.

“பெடலும் கிடையாது, பாபினும் கிடையாது. வலது பக்கம் அமுக்கு.”

கார் சுவரில் முட்டியது. மரத்தில் முட்டியது. திரும்பி வந்து அதே மரத்தில் முட்டியது. அவ்வளவு கவலையிலும் உச்சாணிக்குச் சிரிப்பு வந்தது. ஆனால் அவர் காரைப் பார்க்கவில்லை, அவள் கைகளைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார். வருஷக்கணக்காக மேலேயிருந்து அடுத்தவன் கையைப் பார்த்தே பிழைத்தவர். ஊசிமுனையில் வேலை செய்து பழகிய கை, பிடி தளராமல் சரியாகத்தான் பிடித்திருந்தது.

கார் நின்றது. டிவியில் பெட்டி வந்து உட்கார்ந்தது.

“ஐயோ, நான் எதையோ அமுக்கித் தொலச்சிட்டேன்” என்றாள்.

“நீ ஒண்ணையும் அமுக்கல.” உச்சாணியின் குரல் ஒரு மாதிரி ஆகியிருந்தது. “இன்னொரு தடவ ஓட்டு.”

ஓட்டினாள். அதே மாதிரி நின்றது.

“என் கையிலயும் நிக்குதுங்க” என்றாள் மெதுவாக. யாராவது பொருள் உடைந்துபோனதற்கு இவ்வளவு சந்தோஷப்பட்டுப் பார்த்திருக்கிறீர்களா? இரண்டு பேருக்கும் கையும் ஓடவில்லை, காலும் ஓடவில்லை. பழக்க தோஷத்தில் அவள் உறையைக் கழற்றி பேட்டரியைத் தட்டிப் போட்டாள். வெறும் கன்ட்ரோலரோடு ஓட்டினாள். நிற்கவே இல்லை. உறையை மாட்டினாள். நின்றது. கழற்றினாள், ஓடியது.

இருவரும் உறையைப் பார்த்தார்கள்.

“உள்ள என்ன துணி வெச்சிருக்க?”

“லைனிங்தான். இஸ்திரி மேஜைக்குப் போட்டேனே, அந்த வெள்ளித் துணி. மிச்சம் கெடந்துச்சு. இஸ்திரிப் பெட்டி சூட்டை அது கீழ விடாம திருப்பி அனுப்பும். உங்க கைச்சூடு வெளிய போகாம இருக்கட்டும்னு...”

உச்சாணி உறையைப் புரட்டினார். உள்ளே அலுமினியம் பூசிய துணி பளபளவென்று இருந்தது. அவருக்குக் கூண்டு ஞாபகம் வந்தது. அங்கே இரும்புத் தூண் பக்கம் ஒதுங்கி நின்றால் வாக்கி-டாக்கியில் கீழே இருக்கிறவன் கத்துவது கேட்காது. கண்ணாடிப் பக்கம் சாய்ந்தால்தான் கேட்கும். இவளோ கன்ட்ரோலருக்கே ஒரு அலுமினியக் கூண்டு தைத்துவிட்டிருக்கிறாள். அதன் மேல் கையும் பட்டையும் வேறு. நாற்காலியோ பின்சுவரில். பாவம், அதன் பேச்சு டிவிக்கு எப்படிக் கேட்கும்?

சொன்னார். கேட்டதும் அவள் முகம் வெளுத்துப்போனது.

“அப்போ இத்தனை நாளும் நான்தானா? என் கையாலயே தெச்சு உங்களை நானே...”

“ஏய், நிறுத்து. இந்தச் சட்டை இல்லேன்னா அந்தச் சனியனை நான் கையில பிடிச்சிருக்கவே மாட்டேன். பந்து போன எடத்துக்கே அதுவும் போயிருக்கும். இன்னைக்கு என் கட்டைவிரல் மடங்குதுன்னா அது நீ தெச்சதாலதான்.”

அவள் தையல் பிரிக்கிற கத்தியை எடுத்தாள். அரை மணிக்குள் வெள்ளித் துணி தரையில் கிடந்தது. உள்ளே பழைய கம்பளித் துண்டு ஒன்று ஏறியிருந்தது. உச்சாணி கையை விட்டு, முதுகை நேராக்கி, ரேஸை ஆரம்பித்தார். நல்ல வளைவு வந்தது. இருவரும் மூச்சு விடவில்லை. கார் வளைந்தது, அடுத்த வளைவும் வளைந்தது, கடைசிக் கோட்டையும் தாண்டியது. ஓடிய அத்தனை காரிலும் கடைசி. அவருக்கு வயிற்றில் பால் வார்த்தது போலிருந்தது.

கன்ட்ரோலரை மடியில் வைத்துக்கொண்டார். பிறகு கேட்டார்.

“உன் தம்பி வந்து ஓட்டிட்டுப் போனானே, அன்னைக்கு நீ என்ன நெனச்ச? உண்மைய சொல்லு.”

அவள் தரையில் கிடந்த நூல்களைப் பொறுக்கிக்கொண்டிருந்தாள். “உங்க கைதான்னு நெனச்சேன்.”

“அதுக்கப்புறமும் கம்பெனி கம்பெனியா பேட்டரி வாங்கினியே. அதைப் போட்டு அந்தத் திட்டு திட்டினியே.”

“பின்ன, உங்க கையையா திட்டச் சொல்றீங்க?”

உச்சாணிக்குக் கண் நிறைந்துவிட்டது. அவர் மறைக்கவில்லை. இடது கையை நீட்டி அவள் கையைப் பிடித்தார். விரல்கள் ஒவ்வொன்றாக, நிதானமாக மடங்கின. “நீ எனக்குப் பண்ணினதை நான் மறக்க மாட்டேன்” என்றார். கல்யாணமான நாளிலிருந்து அவர் வாயில் வந்திராத பேச்சு. அவளுக்குக் கூச்சமாகப் போய்விட்டது. “சரி சரி, மொதல்ல போனைப் போடுங்க” என்றாள், கையை மட்டும் எடுக்காமல்.

வலது கையால் போன் போட்டார். திங்கட்கிழமை வருகிறேன் என்றார்.

“ரொம்ப சந்தோஷம்” என்றார் சூப்பர்வைசர். “கை எப்படியிருக்கு?”

“வீட்டுக்காரி பிடிச்சுக்கிட்டிருக்கா சார்” என்றார் உச்சாணி.